நிறைத்துக் கொடுத்த டிவி

போன வாரம் சௌந்தரத்தை டிவி முன்னால் உட்காரவைத்துவிட்டு வந்தோம். இந்த வாரமும் அங்கேயேதான் இருக்கிறாள். விளக்கு வைத்த பிறகு அந்த அம்மாளை அந்த நாற்காலியிலிருந்து எழுப்புவது லேசுப்பட்ட காரியமில்லை. வாசலில் சம்பந்தியே வந்து நின்றாலும், "இந்தக் கட்டம் முடியட்டும், வர்றேன்" என்பாள்.

'மருமகளை இந்த அதட்டு அதட்டுகிறாளே, சௌந்தரத்தைக் கொஞ்சம் நல்லவளாக எழுதக் கூடாதா?' என்று அரக்கோணத்திலிருந்து ஒரு வாசகி கேட்டிருக்கிறார். நான் என்ன செய்யட்டும் அம்மா? அவள் பேசுகிறாள், நான் எழுதுகிறேன். எனக்கே அவளிடம் பயம்தான்.

மோகனாவுக்கு ஏழாம் மாதம் நெருங்குகிறது. பங்குனியில் வளைகாப்புக்கு நாள் குறித்தாகிவிட்டது. அப்பா, அம்மா இல்லாத பெண். அவளுக்குத் தாய்வீடு என்றால் காட்பாடியில் இருக்கும் அண்ணன் கோபி ஒருத்தன்தான். வளைகாப்பு முடிந்ததும் தங்கையைப் பிரசவத்துக்கு அழைத்துப்போக வேண்டுமே என்று வீட்டுக்கு வெள்ளையடித்து, காவேரிப்பாக்கத்துச் சித்தியையும் கூட இருக்கச் சொல்லிவைத்திருக்கிறான். சீர்வரிசை பற்றிப் பேச ஞாயிற்றுக்கிழமை ஆம்பூர் வருவதாகச் சொல்லியிருந்தான். இது வரைக்கும் போன வாரம்.

சனிக்கிழமை சாயங்காலம், சௌந்தரத்தின் கதாநாயகி பூட்டிய அறையின் கதவைத் திறக்கப்போன நேரம் பார்த்து டிவி நின்றுபோனது. திரை முழுக்கக் கறுப்பு. நடுவில் ஆங்கிலத்தில் நாலு வரி.

"மோகனா! இங்க வாடி. இன்னாமோ இங்கிலீஷ்ல வந்து நிக்குது. கதவத் தொறக்கற நேரத்துலதானா இதுக்குக் கேடு வரணும்?"

மோகனா சமையலறையிலிருந்து வந்து படித்தாள். மறுபடியும் படித்தாள். பணம் வந்து சேரவில்லை, கணக்கு வைத்திருக்கும் கோபிநாத் தன் கார்டைச் சரிபார்க்க வேண்டும் என்று போட்டிருந்தது.

அவசரமாகத் திரையை மறைத்துக்கொண்டு நின்றாள்.

"நெட் இழுக்குது அத்தை. மழையா இருக்கும்."

"பகலெல்லாம் வெயிலு மண்டையப் பொளந்துச்சு. மழையாம்!" என்று சௌந்தரம் ரிமோட்டைச் சோபாவில் எறிந்துவிட்டு எழுந்துபோனாள்.

இந்த டிவியின் கதையைச் சொன்னால்தான் மோகனாவின் கலக்கம் உங்களுக்குப் புரியும்.

எங்கள் பக்கத்தில் சீர்ப்பாத்திரத்தை வெறுமனே கொடுக்க மாட்டார்கள். குடமென்றால் உள்ளே அரிசி இருக்கும், டப்பாவென்றால் சர்க்கரை இருக்கும். ஒன்றும் இல்லாத வீட்டில் ஒரு மஞ்சள் கிழங்காவது போட்டுத்தான் கொடுப்பார்கள். மோகனா கல்யாணத்தில் கோபி சீராக வைத்தது பெரிய டிவி. மண்டபத்தில் எல்லார் எதிரிலும் சௌந்தரம் அதைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தாள். "டிவி பெருசாத்தான் இருக்குது. உள்ள இன்னா வரும்? வெறும் டிவியா?" என்று கேட்டாள். கத்தரிக்காய் பிஞ்சா முற்றலா என்று கேட்கிற மாதிரிதான் கேட்டாள். கேட்டுவிட்டுப் பந்திக்குப் போய்விட்டாள்.

கோபி அப்படிப் போகவில்லை. மறுநாளே நெட்டில் படம் வரவழைக்கிற ஒரு ஸ்டிக் வாங்கி டிவிக்குப் பின்னால் சொருகினான். வீட்டிலிருக்கும் ஒவ்வொருவருக்கும் என்ன பிடிக்கும் என்று தங்கையிடம் கேட்டுக் கேட்டு, அதற்கு ஏற்ற ஆப்பாகப் போட்டு, எல்லாவற்றுக்கும் மாதாமாதம் தன் கார்டிலிருந்தே பணம் போகும்படி வைத்துவிட்டான். "டிவி கூடவே ஃப்ரீ அத்தை. அது பாட்டுக்கு வந்துகினே இருக்கும்" என்றான். எல்லோரும் நம்பினார்கள். பி.காம் படித்த மோகனாவும் நம்பினாள். அண்ணன் சொன்னால் நம்பாமல் என்ன செய்வாள்?

கல்யாணமான நாளிலிருந்து அவன் பணத்தில்தான் இந்த வீடே படம் பார்த்துக்கொண்டிருக்கிறது. இப்போது அவன் கார்டில் பணம் இல்லை. அண்ணனுக்கு ஏதோ ஆகியிருக்கிறது. என்ன ஆகியிருந்தாலும் சரி, மாமியார் எதிரில் அவன் தலை குனியக் கூடாது. அவன் வருவதற்குள் சத்தமில்லாமல் எல்லாவற்றையும் நிறுத்திவிட வேண்டும். மோகனா முடிவு செய்துவிட்டாள்.

ஞாயிறு காலை அதற்கு வசதியாக அமைந்தது. அவள் புருஷன் செல்வகுமார் அரக்கோணத்தில் ஒரு நிச்சயதார்த்தத்துக்குப் போய்விட்டான். மாமனார் பச்சையப்பன் கறிக்கடைக்குப் போயிருந்தார். சௌந்தரம் பக்கத்து வீட்டு குர்ஷித்தோடு மதிலுக்கு மேலாகப் பேசிக்கொண்டிருந்தாள். தினமும் சாயங்காலம் சௌந்தரத்தோடு உட்கார்ந்து தொடர் பார்க்கும் தோஸ்த் அவள். நோன்பு ஆரம்பித்ததிலிருந்து வருவதில்லை. "நோன்பு மாசம்க்கா. டிவிய மூடி வெச்சுட்டோம். பெருநாள் வரைக்கும் கதைய நீதான் சொல்லணும்" என்று சொல்லிக்கொண்டிருந்தது உள்ளே வரைக்கும் கேட்டது.

மோகனா ரிமோட்டை எடுத்தாள். அமைப்புகள், கணக்கு, சந்தாக்கள் என்று ஒவ்வொன்றாக உள்ளே போனாள். மாமியாருக்குத் தொடர் ஆப். மாமனாருக்குக் கிரிக்கெட். செல்வகுமாருக்குத் தெலுங்குப் படம். அவளுக்கென்று பழைய பாட்டு. எல்லாம் கோபிநாத் பேரில்.

முதலில் தொடர் ஆப்பையே டிவியிலிருந்து அழித்தாள். திரையிலிருந்து அதன் சின்னப் படம் போய்விட்டது. அப்பாடா என்று சந்தாப் பட்டியலைத் திறந்தால் அது அங்கேயே ஜம்மென்று உட்கார்ந்திருக்கிறது! சரியென்று ஆப்பைத் திரும்பவும் ஏற்றிவிட்டு 'நிறுத்து' என்பதை அழுத்தினாள். ஏதோ ஒரு எண்ணைக் கேட்டது. அவளிடம் எந்த எண் இருக்கிறது? சமையலறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு, அந்தச் சத்தத்தில் உதவி எண்ணுக்கு ஃபோன் போட்டாள்.

எடுத்தவன் தமிழ்ப் பையன்தான். பொறுமையாகப் பேசினான்.

"நீங்க ஆப்ப மட்டும் அழிச்சிருக்கீங்க மேடம். பில் அது பாட்டுக்கு ஓடும்."

"அப்ப எப்படிங்க நிறுத்தறது?"

"நீங்க அந்த ஆப் கம்பெனிக்கு நேரா பணம் கட்டல. டிவி ஸ்டிக் கணக்கு வழியா கட்டறீங்க. அங்கதான் நிறுத்தணும். கோபிநாத் யாரு மேடம்?"

"எங்க அண்ணன்."

"அவர் ஃபோனுக்கு ஒரு நம்பர் வரும். அதப் போட்டா முடிஞ்சிடும்."

"அவருக்குத் தெரியாம பண்ண முடியாதா தம்பி?"

"அவரோடத அவருக்குத் தெரியாம எப்படி மேடம்?"

நியாயமான கேள்விதான். அவள் ஃபோனை வைத்த உடனே கோபியே கூப்பிட்டான். பின்னால் ரயில் சத்தம்.

"மோகனா, எனக்கு ஒரு நம்பர் வந்துச்சு. டிவில யாராவது கை வெச்சாங்களா?"

"தெரியாம பட்டுடுச்சுண்ணா."

"ஒண்ணியும் தொடாத. நான் வந்து பாத்துக்கறேன்."

"அண்ணா, கம்பெனில எல்லாம் சரியா இருக்குதா?"

"ஏன் கேக்கற? ஓவர்டைம் போட்டு உயிர எடுக்கறான். ஒரே பேஜாரு."

வெளிநாட்டு ஆர்டர் கம்மியாகிப்போய், ராணிப்பேட்டையிலிருந்து வாணியம்பாடி வரைக்கும் ஷூ கம்பெனிக்காரர்கள் கன்னத்தில் கை வைத்திருக்கும் வருஷம் இது. இவனுக்கு மட்டும் ஓவர்டைமா? அண்ணனுக்குப் பொய் சொல்லத் தெரியாது. சொன்னால் ஒரு பிடி ஜாஸ்தியாகச் சொல்லிவிடுவான்.

கோபி வந்தான். ஒரு கையில் சாத்துக்குடி, இன்னொரு கையில் ஆற்காட்டு மக்கன் பேடா இனிப்பும் மல்லிகைப்பூவும். பூவை வாங்கிக்கொள்ளும்போது மோகனா அவன் முகத்தைப் பார்த்தாள். கன்னம் ஒட்டிப்போயிருந்தது.

"இன்னாப்பா இப்படி எளச்சுட்ட?" என்று சௌந்தரமும் கேட்டுவிட்டாள்.

"வேலை ஜாஸ்தி அத்தை." உட்கார்ந்ததும் உட்காராததுமாக அவன் வளைகாப்பை ஆரம்பித்தான். ஒன்பது வகை சாதம். பட்டுப்புடவை. வெள்ளி வளையல். வருகிறவர்களுக்கெல்லாம் தாம்பூலப் பை. "ஒரு கொறையும் வெக்க மாட்டேன் அத்தை" என்று சொல்லிக்கொண்டே போனான். மோகனாவுக்கு அவன் வாயைப் பொத்த வேண்டும் போல இருந்தது.

அந்த நேரம் பார்த்துப் பச்சையப்பன் வந்து சேர்ந்தார். கறியை மருமகள் கையில் கொடுத்தார். "வாப்பா கோபி! மேட்ச் ஆரம்பிச்சிருப்பான்" என்று ரிமோட்டை எடுத்து அமுக்கினார். மோகனா 'மாமா' என்று வாயெடுப்பதற்குள் திரை கறுத்து, நாலு வரியும் வந்து நின்றது.

பச்சையப்பன் தோல் கம்பெனியில் முப்பது வருஷம் லோடு அனுப்பினவர். பெட்டி மேல் எழுதியிருக்கும் ஆங்கிலத்தைச் சத்தமாகப் படிக்கிற பழக்கம் இன்னும் போகவில்லை.

"பேமென்ட்... ஃபெயில்டு... கோபிநாத்... ஏம்பா, உன் பேரப் போட்டிருக்கான்! உனக்கும் இந்த டிவிக்கும் இன்னா சம்பந்தம்?"

வெளியே குர்ஷித் வீட்டு ஆடு கத்தியது.

கோபிக்கு முகம் கறுத்துவிட்டது. ஆனாலும் சமாளித்தான். "பழைய கார்டு முடிஞ்சு போச்சு மாமா. புதுசு போடணும், அவ்ளோதான். ரெண்டு நிமிஷம்." பர்ஸைத் திறந்து ஒரு கார்டை எடுத்தான், பார்த்தான், உள்ளே வைத்தான். இன்னொன்றை எடுத்தான். அதையும் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

சௌந்தரம் டிவியைப் பார்க்கவில்லை. அவன் விரலைப் பார்த்தாள். அப்புறம் மருமகளைப் பார்த்தாள். மோகனா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு நின்றிருந்தாள். காலையில் சமையலறைக் குழாய் எதற்கு அவ்வளவு நேரம் ஓடியது என்று அந்த அம்மாளுக்கு இப்போது விளங்கியிருக்க வேண்டும்.

"அத உள்ள வை தம்பி" என்றாள்.

"இல்ல அத்தை, இதோ..."

"வைன்னு சொல்றேன்ல? நானே உன்கிட்ட சொல்லணும்னு இருந்தேன். இந்த டிவிய நிறுத்திடணும். எங்க வீட்டு வழக்கம் அது. வளைகாப்புக்கு நாள் குறிச்சுட்டா கொழந்த பொறக்கற வரைக்கும் வீட்ல டிவி ஓடக் கூடாது."

பச்சையப்பன் வாயைப் பிளந்தார். "எந்த ஊரு வழக்கம் இது? செல்வம் உன் வயித்துல இருந்தப்போ பஞ்சாயத்து டிவி முன்னாடியே குடியிருந்தியே!"

"அதனாலதான் அவன் இப்படி இருக்கான்."

என்னைக் கேட்டால் செல்வகுமார் ஒன்றும் மோசமான பிள்ளை இல்லை. ஆனால் ஒரு நல்ல காரியத்துக்காக அவனை விட்டுக்கொடுத்ததில் தப்பில்லை என்றுதான் சொல்வேன்.

"மாமாவுக்கு மேட்ச்?" என்றான் கோபி.

"டீக்கடையில பாக்கட்டும். கால் நல்லாத்தான இருக்குது?"

"உங்க கதை அத்தை? அந்தப் பொண்ணு ஏதோ கதவத் தொறக்கப் போவுதுன்னு மோகனா சொல்லிகினு இருந்துச்சு..."

சௌந்தரம் கறுத்த திரையை ஒரு தடவை பார்த்தாள். முகத்தைத் திருப்பிக்கொண்டாள். "தொறந்தா தொறக்கட்டும், தொறக்காட்டி கெடக்கட்டும். நானா உள்ள மாட்டியிருக்கேன்? நீ நிறுத்துப்பா."

கோபி ரிமோட்டை வாங்கினான். ஒவ்வொன்றாக நிறுத்த ஆரம்பித்தான். டிவி லேசில் விடவில்லை. நிச்சயமாகவா என்றது. போகாதே, ஒரு மாதம் பாதி விலைக்குத் தருகிறேன் என்றது. அப்புறம் ஒரு கேள்வியோடு நின்றது.

"இப்ப இன்னாவாம்?"

"எதுக்கு நிறுத்தறீங்கன்னு கேக்குது அத்தை."

"மளிகைக் கடைக்காரன்கூட இத்தன கேள்வி கேக்க மாட்டான். இன்னா பதில் சொல்லணும்?"

"அதுவே குடுத்திருக்குது. வெல ஜாஸ்தி. பாக்க நேரமில்ல. படம் சரியில்ல. வேற காரணம்." அவன் கை முதல் வரியின் மேலேயே நின்றுகொண்டிருந்தது. அமுக்கவும் இல்லை, நகரவும் இல்லை.

சௌந்தரம் அந்தக் கையைப் பார்த்தாள். "வேற காரணம்னு போடு" என்றாள்.

போட்டான். தொடர் போயிற்று. கிரிக்கெட் போனபோது பச்சையப்பன் மெதுவாகச் சட்டையை மாட்டிக்கொண்டு டீக்கடைக்குக் கிளம்பிவிட்டார். தெலுங்குப் படமும் பழைய பாட்டும் போயின. கடைசியில் இன்னும் ஒன்று இருந்தது. கலர் கலராக யானையும் முயலும் ஆடுகிற கார்ட்டூன். காலையில் அவசரத்தில் மோகனா அதைக் கவனிக்கவில்லை.

"இது எப்போ போட்ட?" என்றாள்.

"நீ மாசமா இருக்கேன்னு ஃபோன் பண்ண அன்னைக்கு."

"இன்னும் பொறக்கவே இல்லியேண்ணா!"

"கொழந்த வந்து பாக்கறப்போ இருக்கணும்ல?"

மோகனாவால் அங்கே நிற்க முடியவில்லை. கறியை உள்ளே வைக்கிற சாக்கில் போய் நன்றாக அழுதுவிட்டு, முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தாள். அதற்குள் அதுவும் நின்றுபோயிருந்தது.

கோபி ரிமோட்டைக் கீழே வைத்தான். "அத்தை, உங்க வீட்ல அப்படி ஒரு வழக்கம் கெடையாது. எனக்குத் தெரியும்."

"தெரிஞ்சா தெரிஞ்சிட்டுப் போவட்டும். ஃப்ரீயா வருதுன்னு ஏன்பா பொய் சொன்ன?"

"வெறும் டிவியான்னு நீங்க கேட்டீங்களே."

"நானா? எப்போ?"

"கல்யாண மண்டபத்துல."

சௌந்தரம் யோசித்துப் பார்த்தாள். சுத்தமாக ஞாபகம் இல்லை. "கேட்டிருப்பேன். என் வாய் சும்மா இருக்காது" என்றாள். அப்புறம் தன் கையாலேயே மோர் கலக்கி அவனுக்குக் கொண்டுவந்து கொடுத்தாள். அந்த வீட்டில் அது நடக்காத விஷயம்.

அதற்குப் பிறகுதான் கோபி பேசினான். பேச ஆரம்பித்த பிறகு அவனுக்கு நிறுத்தத் தெரியவில்லை. பொங்கலுக்கு மறுவாரமே ஷூ கம்பெனியில் அவன் வேலை பார்த்த கட்டிங் செக்‌ஷனை மூடிவிட்டார்கள். காட்பாடி ஸ்டேஷனில் ஒரு சிநேகிதனின் ஆட்டோவை ஓட்டிக்கொண்டிருக்கிறான். ஆப்பிரிக்காவில் ஒரு ஷூ கம்பெனிக்குச் சூப்பர்வைசர் கேட்கிறார்கள். ஏஜென்ட் இவன் பேரைக் கொடுத்துவிட்டான். ரெண்டு வருஷ ஒப்பந்தம்.

"முன்பணம் தர்றாங்க அத்தை. அதுல வளைகாப்ப ஜம்முனு பண்ணிடலாம். ஒரு கொறையும்..."

"எப்போ போகணும்?" என்று மோகனா குறுக்கே வந்தாள்.

"பங்குனி பொறக்கறதுக்குள்ள."

"அப்ப வளைகாப்புக்கு நீ இருக்க மாட்ட."

"சித்தி கையில எல்லாத்தயும் குடுத்துட்டுப் போறேன் மோகனா."

"எனக்கு ஒம்போது வகை சாதம் வாணாம். வெள்ளி வளையலும் வாணாம். நீ வந்து நிக்கணும். எனக்கு வேற யாருண்ணா இருக்காங்க?"

கோபி தலையைக் குனிந்துகொண்டான். எந்த வீட்டில் அவன் தலை குனியக் கூடாது என்று அவள் காலையிலிருந்து பாடுபட்டாளோ அதே கூடத்தில் அவளே குனிய வைத்துவிட்டாள். அவளுக்கு அது தெரிந்தது. ஆனால் சொன்னதைத் திருப்பி எடுத்துக்கொள்ள மனசில்லை.

அவன் சௌந்தரத்தின் பக்கம் திரும்பினான். "நீங்களாவது சொல்லுங்க அத்தை. நான் இல்லன்னா பங்காளி வீட்ல யாராவது வந்து அழச்சுனு போறது உண்டுல்ல?"

"தம்பி" என்றாள் சௌந்தரம். அந்தக் குரலில் அதட்டல் இல்லை. "டிவி பாக்கக் கூடாதுன்னு வாய்க்கு வந்தபடி ஒரு வழக்கத்த உண்டாக்கிட்டேன். வளையல் போட்ட பொண்ண அனுப்பறப்போ நீ இல்லாம தாய்வீடு பூட்டின மாதிரி கெடந்தா, அதுக்கு எந்த வழக்கத்த நான் உண்டாக்கறது? நீயே சொல்லு."

கோபி வாயைத் திறப்பதற்குள் அவன் ஃபோன் அடித்தது. திரையில் ஏஜென்ட்டின் பேர். அவன் எழுந்து வாசல் பக்கம் போகப் பார்த்தான்.

மோகனா வழியில் நின்றாள்.

"வெளிய போவாத. வர்றேன்னு சொல்லு, இல்ல வரலைன்னு சொல்லு, உன் இஷ்டம். ஆனா இனிமே எனக்குத் தெரியாம ஒண்ணும் வாணாம். இங்க நின்னு பேசு."

கோபி தங்கையைப் பார்த்தான், சௌந்தரத்தைப் பார்த்தான். பச்சைப் பட்டனை அழுத்தி ஃபோனைக் காதில் வைத்தான்.